லீ மேவர்ஸ் வெறுத்தால் நாமும் வெறுக்க வேண்டுமா?

கேள்வி: 'தி லாஸ்' குழுவின் முதல் ஆல்பத்தை பிரிட்டிஷ் கிட்டார் பாப்பின் மிகச் சிறந்த அறிமுக ஆல்பங்களில் ஒன்று என்று போன இதழில் எழுதியிருந்தீர்கள். ஆனால் அதை எழுதிப் பாடிய லீ மேவர்ஸே அந்த ஆல்பம் தனக்குப் பிடிக்கவில்லை என்று பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். 'தேர் ஷீ கோஸ்' என்ற ஒரு பாட்டைத் தவிர அவர்களிடம் என்ன இருக்கிறது? செய்தவரே தள்ளிவைத்ததை நாம் ஏன் தலையில் தூக்கிவைத்துக் கொண்டாட வேண்டும்?

பதில்: உங்கள் கடிதத்தில் மேவர்ஸ் என்ன சொன்னார் என்பது இருக்கிறது. நீங்கள் கேட்டீர்களா, கேட்டபோது எந்தப் பாட்டு பிடிக்கவில்லை, ஏன் பிடிக்கவில்லை என்பது ஒரு வரிகூட இல்லை. 12 பாட்டு, எல்லாம் சேர்ந்து ஏறக்குறைய 35 நிமிஷம். அதைக் கேட்காமல், போட்டவர் பிடிக்கவில்லை என்றார், ஆகவே விட்டுவிடலாம் என்று முடிவுகட்டுவதை என்னால் ஏற்க முடியவில்லை.

சரி, மேவர்ஸ் விஷயத்துக்கு வருகிறேன். அவர் வெறுத்தது எதை? பாட்டுகளை இல்லை. அவை பதிவான விதத்தை. லிவர்பூலில் இருந்து வந்த இந்தக் குழுவை 1987-இல் கோ! டிஸ்க்ஸ் கம்பெனி எடுத்துக்கொண்டது, அதே வருஷம் 'வே அவுட்' சிங்கிளும் வந்தது, ஆனால் ஆல்பம் கடைக்கு வந்தது 1990 அக்டோபரில். நடுவில் அதே பாட்டுகளைத் திரும்பத் திரும்ப ரெக்கார்ட் செய்தார்கள். ஜான் போர்ட்டர், மைக் ஹெட்ஜஸ், ஜான் லெக்கி என்று தயாரிப்பாளர்கள் வந்தார்கள், போனார்கள். டிரம்மரும் கிட்டார்காரரும்கூட மாறினார்கள். ஒத்திகையிலும் சாதாரண டெமோ டேப்பிலும் இருந்த உயிர் ஸ்டுடியோவுக்குள் போனதும் காணாமல் போகிறது என்பது மேவர்ஸின் தீராத குறை. கடைசியில் கம்பெனி பொறுமை இழந்து, யூ2-வின் முதல் மூன்று ஆல்பங்களைச் செய்த ஸ்டீவ் லில்லிவைட்டைக் கொண்டுவந்தது. அந்த வேலையும் முடிவதற்குள் குழு விலகிக்கொண்டது, டேப்பில் இருந்ததை வைத்து லில்லிவைட் ஆல்பத்தைச் சேர்த்து முடித்தார். தன் பாட்டை இன்னொருவர் முடித்து வெளியே விட்டால் எழுதியவனுக்குக் கோபம் வரத்தான் செய்யும், அந்தக் கோபத்தில் அவர் பக்கம் நியாயம் இருக்கிறது. ஆனால் அதே மேவர்ஸ், 2005-இல் குழு மறுபடி சேர்ந்தபோது மேடையில் பாடியது இந்தப் பாட்டுகளைத்தானே?

முதல் ஆல்பம் என்பதே ஒரு சிக்கலான விவகாரம். அந்தப் பாட்டுகள் வருஷக்கணக்காகச் சின்னச் சின்ன மேடைகளில் வாசித்து வாசித்து ஊறியவை. திடீரென்று ஒரு அறையில், தனித்தனி மைக் முன்னால், தெரியாத ஒரு தயாரிப்பாளரின் பார்வையில் வாசி என்றால் கை கட்டிப்போட்ட மாதிரி ஆகிவிடுகிறது. தி ஸ்மித்ஸ் குழு 1983-இல் டிராய் டேட் என்ற தயாரிப்பாளரை வைத்து முதல் ஆல்பத்தைப் பதிவுசெய்து, அதை அப்படியே ஓரம்கட்டிவிட்டு, ஜான் போர்ட்டரோடு மறுபடி பதிவுசெய்துதான் 1984-இல் வெளியிட்டது, அதிலும் பாடகர் மோரிஸிக்குத் திருப்தியில்லை. ஒயேசிஸ் குழுவின் முதல் ஆல்பம் 'டெஃபினிட்லி மேபி' வேல்ஸில் ஒரு தடவை பதிவாகி, சரிவராமல், கார்ன்வாலில் மறுபடி பதிவாகி, அப்புறம் ஓவன் மோரிஸ் கைக்குப் போய் மிக்ஸிங்கில்தான் உருப்பட்டது. அந்த இரண்டு ஆல்பங்களையும் நீங்கள் தள்ளிவைப்பீர்களா? மாட்டீர்கள். மேவர்ஸ் செய்த ஒரே வித்தியாசம், சமாதானம் ஆகாமல் கடைசிவரை அதே இடத்தில் நின்றது.

இப்போது அந்த 'ஒரே பாட்டு'. 'தேர் ஷீ கோஸ்' 1988-இல் முதலில் வந்தபோது பிரிட்டிஷ் விற்பனைப் பட்டியலில் 59-ஆவது இடத்துக்கு மேல் ஏறவில்லை, 1990-இல் மறுபடி வெளியிட்டபோது 13-ஆவது இடம்வரை போனது. அந்தப் பாட்டில் சரணமே கிடையாது, கவனித்தீர்களா? ஒரே பல்லவி நாலு தடவை வருகிறது, நடுவில் ஒரு சின்னத் திருப்பம், அவ்வளவுதான். ஆரம்பத்தில் வரும் அந்தக் கிட்டார் சுருள்தான் பாட்டையே தூக்கிக்கொண்டு போகிறது. இவ்வளவு குறைவான பொருளை வைத்து இவ்வளவு நிறைவாக ஒரு பாட்டை எழுத எத்தனை பேரால் முடியும்? நல்ல பாட்டுதான், சந்தேகமே இல்லை. ஆனால் அதைக் கேட்டுவிட்டு ஆல்பத்தை மூடிவைப்பவர்கள்மீது எனக்கு உண்மையிலேயே வருத்தம் உண்டு.

ஏனென்றால் முதல் பாட்டு 'சன் ஆஃப் எ கன்' இரண்டு நிமிஷத்துக்குள் முடிந்துவிடுகிறது, அதற்குள் ஒரு ஆளின் முழு வாழ்க்கையே வந்து போய்விடும். 'டோல்ட்ரம்' அரசாங்க உதவிப் பணத்தில் நாள் தள்ளும் வாழ்க்கையைப் பற்றியது, எண்பதுகளின் லிவர்பூலில், துறைமுக வேலைகள் போய், வேலையில்லாதவர் கூட்டம் பெருகிய ஊரில், அது யாரும் கற்பனை செய்து எழுத வேண்டிய விஷயமே இல்லை, ஆனாலும் பாட்டில் அழுகை இல்லை, துள்ளல் இருக்கிறது. 'டைம்லெஸ் மெலடி' மெட்டைப் பற்றியே ஒரு மெட்டு. 'ஃபெய்லியர்' முரட்டுத்தனமாகக் கத்துகிறது. கடைசிப் பாட்டு 'லுக்கிங் கிளாஸ்' மட்டும் எட்டு நிமிஷத்துக்குக் கொஞ்சம் குறைவு, தனியாக ஒரு கிட்டாரோடு மெதுவாகக் கிளம்பி, போகப்போக வேகமெடுத்து, மூச்சுவாங்க வைத்துவிட்டுத்தான் விடும். மற்ற பாட்டுகளை எல்லாம் சுருக்கமாக எழுதிய அதே ஆள் இங்கே இவ்வளவு நேரம் எடுத்துக்கொள்கிறார் என்றால் காரணம் இல்லாமல் இல்லை, கேட்டால் புரியும்.

இன்னொன்றையும் யோசியுங்கள். 1990-இல் பிரிட்டன் முழுக்க மான்செஸ்டர் ஊர்க் குழுக்களின் அலை, கிட்டார் குழுக்கள்கூட நடனத் தாளத்துக்கு மாறிக்கொண்டிருந்த நேரம். அப்போது இவர்கள் அறுபதுகளின் கிட்டார், இரண்டு மூன்று குரல், குட்டிக் குட்டிப் பாட்டு என்று வந்து நின்றார்கள். ஆல்பம் 30-ஆவது இடத்தோடு நின்றுபோனது. நாலைந்து வருஷம் கழித்து நாடே அந்தப் பக்கம் திரும்பியது. தி லாஸ் தொடங்கியதை முடித்துவைப்பதுதான் ஒயேசிஸின் வேலை என்று அந்தக் குழுவுக்குப் பாட்டெழுதிய நோயல் கேலகர் வெளிப்படையாகவே சொன்னார். இதே குழுவில் பேஸ் வாசித்த ஜான் பவர் 1991-இல் வெளியேறி, காஸ்ட் என்ற குழுவைத் தொடங்கி, 1995-இல் 'ஆல் சேஞ்ச்' ஆல்பத்தோடு முதல் பத்து இடங்களுக்குள் வந்தார், அதன் தயாரிப்பாளர் யார் என்றால் தி லாஸோடு ஒத்துவராமல் போன அதே ஜான் லெக்கி!

என்னை உண்மையில் கோபப்படுத்துவது வேறு. மேவர்ஸைப் பற்றிப் பேசினால் உடனே அந்தப் பழைய மிக்ஸிங் போர்டு கதை வந்துவிடும், ஸ்டுடியோவில் ஒலிகளைக் கலக்கும் அந்தக் கருவியின்மேல் அறுபதுகளின் தூசு இல்லையென்று வேண்டாம் என்றாராம். நடந்ததோ இல்லையோ, அந்தக் கதையைத் தெரிந்தவர்களில் பாதிப் பேருக்கு இதே ஆல்பத்தில் இருக்கும் 'லிபர்ட்டி ஷிப்' பாட்டு தெரியாது. கிறுக்கு மேதை என்ற பட்டம் கட்டிவிட்டால் பாட்டைக் கேட்கும் வேலை மிச்சமாகிறது. உங்கள் கேள்வியும் அந்த வழியாகத்தான் வந்திருக்கிறது என்று நினைக்கிறேன்.

மேவர்ஸ் சொன்னது சரியா என்று தெரிந்துகொள்ள வேண்டுமா? அதற்கும் வழி உண்டு. 2008-இல் வந்த டீலக்ஸ் பதிப்பின் இரண்டாவது டிஸ்க்கில் மைக் ஹெட்ஜஸ் செய்த, அதுவரை வெளியாகாமல் கிடந்த பதிவு இருக்கிறது. என் காதுக்கு அதில் சில பாட்டுகள் இன்னும் தளர்வாக, மூச்சுவிட்டுப் பாடுகிற மாதிரி இருக்கின்றன, அந்த இடங்களில் மேவர்ஸின் ஏக்கம் எனக்குப் புரிகிறது. ஆனாலும் முழு ஆல்பமாக ஒரே மூச்சில் கேட்கும்போது லில்லிவைட் சேர்த்துக் கொடுத்ததுதான் இறுக்கமாக நிற்கிறது. 1990 பதிவை முதலில் கேளுங்கள், 'தேர் ஷீ கோஸ்' ஐந்தாவதாக வரும், அதற்காகத் தாண்டிப் போகாமல் ஒன்றிலிருந்து வாருங்கள். அதற்குப் பிறகு ஹெட்ஜஸ் பதிவு. இரண்டையும் கேட்டபின்னும் ஒரு பாட்டுக் குழு என்றே தோன்றினால், எந்தப் பாட்டு ஏன் தேறவில்லை என்று பாட்டுவாரியாக எழுதுங்கள். அந்தக் கடிதத்தை ஒரு வரி வெட்டாமல் இதே பக்கத்தில் போடுகிறேன்.