பச்சைப் புள்ளியும் சாம்பல் புள்ளியும்: டிஸ்கோர்ட் ஸ்டேட்டஸ் கேள்வி பதில்

நேற்றிரவு எங்கள் சேர்வரில், அதாவது டிஸ்கோர்ட் என்ற அரட்டை அப்பில் உள்ள எங்கள் குழுவில், "ஸ்டேட்டஸ் பற்றி எதையும் கேளுங்கள், கரண்ட் நிற்கும்வரை பதில் சொல்கிறேன்" என்று வாயை விட்டுவிட்டேன். கரண்ட் நிற்கவேயில்லை. யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் லப்டொப் திருத்தும் மேசையில் இருந்துகொண்டு இடையிடையே எழுதியவை இவை. கேள்விகளைச் சுருக்கியிருக்கிறேன், பதில்களைச் சுருக்க மனம் வரவில்லை.

கொக்குவில் கோழி: அண்ணை, என்ன கேம் திறந்தாலும் அதின்ர பெயர் தானாக வருகுது. நான் எழுதினது வரவேணும். எங்க மாத்துறது?

தம்பி, முதலில் மூன்று சாமான்களைப் பிரித்து வைத்துக்கொள்ளுங்கள், பாதிப் பேருக்கு இதிலேதான் குழப்பம். ஒன்று, பெயருக்குப் பக்கத்தில் ஆள் இருக்கிறாரா என்று காட்டும் புள்ளி: பச்சை, மஞ்சள் நிலா, சிவப்பு, சாம்பல். இரண்டாவது கஸ்டம் ஸ்டேட்டஸ், அதாவது நீங்களே கையால் எழுதும் ஒரு வரி. 128 எழுத்து வரை எழுதலாம், பக்கத்தில் ஒரு இமோஜி வைக்கலாம், எவ்வளவு நேரத்தில் தானாக அழிய வேண்டும் என்றும் சொல்லலாம். மூன்றாவது ஆக்டிவிட்டி. லப்டொப்பில் ஓடும் நிரல்களை டிஸ்கோர்ட் எட்டிப் பார்த்து, தன் பட்டியலில் இருக்கும் கேமாக இருந்தால் "இவர் இதை விளையாடுகிறார்" என்று ஊருக்குச் சொல்வது.

உங்களுக்கு வேண்டாதது மூன்றாவது. செட்டிங்ஸில் ஆக்டிவிட்டி பிரைவசி என்று ஒரு பக்கம் இருக்கிறது, அங்கே நடப்பதைப் பகிரும் சுவிட்சை அணைத்தால் சத்தம் போடாது. பிறகு உங்கள் படத்தைத் தட்டி கஸ்டம் ஸ்டேட்டஸில் விரும்பியதை எழுதுங்கள்.

அதே இடத்துக்குக் கிட்ட ரெஜிஸ்டர்ட் கேம்ஸ் என்றும் ஒரு பக்கம் உண்டு. டிஸ்கோர்ட்டுக்குத் தெரியாத நிரலை நீங்களே அங்கே சேர்க்கலாம், அப்படிச் சேர்த்ததின் பெயரையும் மாற்றலாம். என்னிடம் வரும் ஒரு பெடியன் நோட்பேடைச் சேர்த்து "கணக்குப் பாடம்" என்று பெயர் வைத்தான். நினைத்தது சரி, வந்தது "பிளேயிங் கணக்குப் பாடம்". ரியூசன் முழுக்கச் சிரிப்பு. முன்னால் வரும் அந்த "பிளேயிங்" உங்கள் கையில் இல்லை, பார்க்கிறவர் டிஸ்கோர்ட்டை எந்த மொழியில் வைத்திருக்கிறாரோ அந்த மொழியில் வரும். பாரிசில் இருக்கும் உங்கள் மச்சானுக்கு அது பிரெஞ்சில் தெரியும்.

இணுவில் இடி: சரியான கேம் பெயரை மாத்த விடுதில்லையே?

டிஸ்கோர்ட் அடையாளம் கண்டு டிக் போட்ட கேமின் பெயரை மாற்ற முடியாது. நீங்கள் சேர்த்ததை மட்டும்தான்.

சுன்னாகம் 07: போனில் இதெல்லாம் செய்யலாமா?

புள்ளியும் கஸ்டம் ஸ்டேட்டஸும் போனில் மாற்றலாம். ரெஜிஸ்டர்ட் கேம்ஸில் நிரல் சேர்க்கும் வேலை கொம்பியூட்டரில் நிறுவிய டிஸ்கோர்ட்டில்தான். பிரவுசரில் திறப்பவர்களுக்கும் இதே பதில்.

நள்ளிரவு ஆந்தை: சிலரின் புரொபைலில் பெரிய படம், மூலையில் குட்டிப் படம், ஓடுகிற நேரம், அமத்துகிற பொத்தான் எல்லாம் இருக்கு. அது நைட்ரோவா?

இல்லை, நைட்ரோ என்பது டிஸ்கோர்ட்டின் காசு கட்டும் சந்தா, இதற்குச் சல்லிக்காசு தேவையில்லை. இதுதான் எனக்குப் பிடித்த கேள்வி, அதனால் கதிரையை இழுத்துப் போட்டு எழுதுகிறேன். அதன் பெயர் ரிச் பிரசன்ஸ். கேம் செய்கிறவர்களுக்காக டிஸ்கோர்ட் திறந்து வைத்த வாசல், அதே வாசலால் நாமும் போகலாம்.

டிஸ்கோர்ட்டின் டெவலப்பர் தளத்தில் உங்கள் கணக்காலேயே நுழைந்து புதிய அப்ளிகேஷன் ஒன்றை உண்டாக்குங்கள். அதற்கு வைக்கும் பெயர்தான் மேல்வரியில் வரப்போகிறது, ஆகவே "டெஸ்ட் 1" என்று வைத்துவிட்டுப் பிறகு அழாதீர்கள். அதற்கு ஒரு நீளமான எண் கிடைக்கும், அதைக் குறித்துக்கொள்ளுங்கள். ரிச் பிரசன்ஸ் பகுதியில் படங்களை ஏற்றி ஒவ்வொன்றுக்கும் சின்னப் பெயர் கொடுங்கள். ஏற்றிய உடனே படம் தெரியாது, சில நிமிடங்கள் எடுக்கும். அந்த இடைவெளியில்தான் எல்லாரும் "பிழைத்துப்போச்சு" என்று அழித்து, திரும்ப ஏற்றி, திரும்ப அழிக்கிறார்கள். ஒரு பிளேன்ரீ குடித்துவிட்டு வாருங்கள்.

அப்புறம் அந்த எண்ணையும் வரிகளையும் டிஸ்கோர்ட்டுக்குச் சொல்ல ஒரு நிரல் வேண்டும். விண்டோஸில் கஸ்டம்ஆர்பி என்ற இலவச நிரலில் கட்டங்களை நிரப்பினால் போதும். பைத்தான் நிரல்மொழி தெரிந்தவர்கள் பைபிரசன்ஸ் என்ற ஆயத்தமான நிரல் தொகுப்பால் (நூலகம் என்பார்கள்) பத்துப் பன்னிரண்டு வரியில் முடிப்பார்கள். இந்த நிரல் இணையத்தால் போய்க் கதைப்பதில்லை, உங்கள் மெஷினிலேயே ஓடிக்கொண்டிருக்கும் டிஸ்கோர்ட்டிடம் உள்ளுக்குள்ளேயே கதைக்கிறது. அதனால்தான் டிஸ்கோர்ட் அப் திறந்திருக்க வேண்டும், அதனால்தான் உங்கள் கடவுச்சொல்லோ, உள்ளே நுழைந்தவர் நீங்கள்தான் என்று காட்டும் டோக்கனோ எதுவும் அதற்குத் தேவைப்படுவதில்லை. இதை நினைவில் வையுங்கள், கீழே இதற்காக ஒருவரைத் திட்டப்போகிறேன்.

நேரம் ஓடவைக்க, தொடங்கிய நேரத்தை 1970 ஜனவரி 1 முதல் எண்ணிய செக்கனாகக் கொடுக்க வேண்டும். அதில் விளையாடி ஒன்று இரண்டு என்று போட்டால் நீங்கள் நாலு லட்சத்துக்கும் மேலான மணித்தியாலமாக விளையாடுவதாகக் காட்டலாம். செய்து பார்த்துவிட்டுத்தான் சொல்கிறேன்.

பனங்கொட்டை: நான் இங்கிலீசில் எழுதினால் சரி, தமிழில் எழுதினால் பாதியிலேயே "நீளம் கூட" என்று சொல்லுது. தமிழுக்கு எதிரியோ?

எதிரி இல்லை, எண்ணுகிற விதம் வேறு. "யாழ்ப்பாணம்" என்று எழுதிப் பாருங்கள். கண்ணுக்கு யா, ழ், ப், பா, ண, ம் என்று ஆறு எழுத்து. கொம்பியூட்டருக்கு அரவும் (ா) மெய்யின் புள்ளியும் தனித்தனி, அதனால் அதன் கணக்கில் 11. கஸ்டம் ஸ்டேட்டஸில் 128 என்பது இந்த இரண்டாவது கணக்கு. ரிச் பிரசன்ஸில் சில நூலகங்கள் இன்னும் ஒரு படி போய் அதே 128ஐப் பைட்டாக, அதாவது கொம்பியூட்டர் சேமிக்கும் அலகாக, எண்ணும். தமிழ் எழுத்துக் குறி ஒவ்வொன்றுக்கும் 3 பைட், ஆக ஒரு யாழ்ப்பாணம் 33 பைட். இடைவெளி விட்டு மூன்று யாழ்ப்பாணம் எழுதினால் 101, நாலாவது கொள்ளாது. இங்கிலீசு எழுத்துக்கு ஒன்றுக்கு ஒரு பைட்தான், அவர்கள் வசதியாக நீட்டி எழுதலாம். நமக்குக் குறளளவில் எழுதப் பழகுவதுதான் வழி. மெய்யெழுத்துக் குறைந்த சொல்லாகத் தெரிவுசெய்தால் புள்ளி மிச்சம்: "விளையாட்டு" வேண்டாம், "ஆட்டம்" போதும்.

பனங்கொட்டை: அண்ணை, ஆட்டத்திலும் இரண்டு புள்ளி இருக்கு.

விளையாட்டுக்கு 10, ஆட்டத்துக்கு 6. எண்ணிவிட்டு வாருங்கள்.

கரவெட்டிக் காகம்: பொத்தான் போட்டேன், அமத்தினால் ஒன்றும் நடக்குதில்லை.

உங்கள் பொத்தான் உங்களுக்கு வேலை செய்யாது. கூட்டாளியை அமத்தச் சொல்லுங்கள்.

லேற்றா வந்தவன்: போனில் இந்தப் பெரிய படம் வருமா?

சுன்னாகத்துக்குச் சொன்னதை வாசியுங்கள். கொம்பியூட்டரில் போட்டால் போனில் பார்ப்பவர்களுக்கும் தெரியும். போனிலிருந்து போடுவதற்கு நான் வழி சொல்லப்போவதில்லை.

மானிப்பாய் மின்னல்: ஒருத்தர் ஒரு ஸ்கிரிப்ட் தந்தவர். ஐந்து செக்கனுக்கு ஒருக்கா ஸ்டேட்டஸ் தானாக மாறும். என்ர டோக்கனை அதில் ஒட்டச் சொல்லுறார். செய்யலாமா?

செய்யாதீர்கள். திரும்பவும் சொல்கிறேன், செய்யாதீர்கள். டோக்கன் என்பது படலையில் தொங்கும் பெயர்ப்பலகை இல்லை, வீட்டுச் சாவி. அது ஒருவர் கைக்குப் போனால் கடவுச்சொல் கேட்காது, இரண்டாவது உறுதிப்படுத்தலும் கேட்காது, நேரே உள்ளே. போதாததற்கு, உங்கள் சொந்தக் கணக்கை நிரல் ஒன்றால் இப்படி ஓட்டுவது டிஸ்கோர்ட்டின் விதிப்படியே தவறு, கணக்கை மூடிவிடுவார்கள்.

போன வருடம் ஒரு பெடியன் லப்டொப்பைத் தூக்கிக்கொண்டு என் மேசைக்கு வந்தான். ஸ்டேட்டஸ் அழகாக வரும் என்று யாரோ சொல்ல, கன்ட்ரோல், ஷிப்ட், ஐ மூன்றையும் அமத்தி உள்ளே எதையோ ஒட்டியிருக்கிறான். அங்கே டிஸ்கோர்ட்டே பெரிய எழுத்தில் "நில்" என்று எச்சரிக்கை போட்டிருக்கும், இங்கே ஒட்டச் சொன்னவர் ஏமாற்றுக்காரராக இருக்கும் வாய்ப்பு பதினொன்றுக்குப் பத்து இல்லை, பத்துக்குப் பதினொன்று என்று. அதை வாசிக்கவில்லை. அரை மணித்தியாலத்தில் அவன் பெயரில் லண்டன் சித்தப்பா வரைக்கும் "இலவச நைட்ரோ" இணைப்புப் போய்விட்டது. கடவுச்சொல்லை மாற்றினோம், அப்படி மாற்றினால் பழைய டோக்கன் செத்துவிடும். ஆனால் சித்தப்பாவிடம் விளங்கப்படுத்த அவனுக்கு இரண்டு கிழமை எடுத்தது.

ஏற்கெனவே ஒட்டிவிட்டிருந்தால் இதை வாசிப்பதை நிறுத்திவிட்டுப் போய்க் கடவுச்சொல்லை மாற்றுங்கள்.

பெயர் வேண்டாம்: வணக்கம் தம்பி. என் மகன் ஏஎல் (உயர்தரச்) சோதனை எடுக்கிறான். அவன் பெயருக்குப் பக்கத்தில் சாம்பல் புள்ளிதான் இருக்கிறது. அப்படியென்றால் படிக்கிறான் என்று நம்பலாமா?

அக்கா, வணக்கம். சாம்பல் புள்ளிக்கு இரண்டு பொருள். ஒன்று, உண்மையிலேயே ஆளில்லை. மற்றது, "இன்விசிபிள்" என்று அவரே வைத்துவிட்டு உள்ளே இருக்கிறார். வெளியே நிற்பவருக்கு இரண்டும் ஒரே மாதிரித்தான் தெரியும், வித்தியாசம் காட்டாமல் இருப்பதற்குத்தான் அதைச் செய்தார்கள். ஆகவே அந்தப் புள்ளியை வைத்துப் படிக்கிறார் என்றும் சொல்ல முடியாது, படிக்கவில்லை என்றும் சொல்ல முடியாது.

ஏஎல் பலி: அண்ணை! எங்களைக் காட்டிக் கொடுத்திட்டீங்களே!

நான் புள்ளியின் பொருளைத்தான் சொன்னேன். நெஞ்சு ஏன் அடிக்கிறது?

ரொறன்ரோ மச்சான்: இவங்களுக்கு நல்லா வேணும். நான் இரவு ஒரு மணிக்கு நித்திரை முழிச்சு வாறன், அங்க உங்களுக்குப் பகல் பத்தரை. ஒருத்தரும் பச்சை இல்லை. பிறகு பார்த்தால் சாம்பல் ஆள் "ரைப்பிங்" என்று வருது!

அது உண்மை. ஒளித்திருப்பவர்கள் குறித்துக்கொள்ளுங்கள்: இன்விசிபிளில் இருந்தாலும் நீங்கள் தட்டத் தொடங்கினால் அந்த மூன்று புள்ளி ஆடும். குரல் அறைக்குள் போனால் பெயர் அங்கே தெரியும். எழுதினால் எழுதியது தெரியும். புள்ளி மட்டும்தான் ஒளிகிறது, ஆள் ஒளிவதில்லை.

ஏஎல் பலி: மச்சான், உங்களுக்கென்ன. எங்கட பௌதிக சேர் இதே சேர்வரில் இருக்கிறார். பச்சையாய் நின்றால் அடுத்த நாள் வகுப்பில் எழுப்பிக் கேள்வி கேட்பார்.

ரொறன்ரோ மச்சான்: அப்ப என்னட்டையாவது சொல்லலாம்தானே? ஊரில வீட்டுக்குப் போய்ப் படலையைத் தட்ட, உள்ள ரிவி சத்தம் கேட்குது, ஒருத்தரும் திறக்கேல்லை என்றால் எப்படி இருக்கும்?

நள்ளிரவு ஆந்தை: உள்ளே இருந்தால் திறக்க வேண்டும் என்று சட்டமா? பச்சை எரிந்தால் எல்லாரும் உடனே பதில் கேட்கிறார்கள். பச்சைக்குப் பயந்துதான் சாம்பலுக்குப் போகிறோம்.

இப்படியே நாற்பது செய்தி ஓடியது, அம்மாவின் கேள்வியை எல்லாரும் மறந்துவிட்டார்கள். நடுவில் என் கருத்தைக் கேட்டார்கள், சொல்கிறேன். ஆந்தை சொல்வதில் நியாயம் இருக்கிறது. பச்சை என்றால் அப் திறந்திருக்கிறது, அவ்வளவுதான், "வாங்கோ, இருந்து கதைப்பம்" என்ற அழைப்பு இல்லை. ஆனால் மச்சானுக்கு நோகிறது என்றால் அதுவும் விளங்குகிறது, இரவு ஒரு மணிக்கு நித்திரை முழித்து வருகிறவர் அவர். இதற்கு சிவப்பு இருக்கிறதே, ஏன் ஒருவரும் பாவிப்பதில்லை? சிவப்பில் அறிவித்தல் சத்தம் வராது, ஆனால் ஆள் இருக்கிறார் என்று தெரியும். பக்கத்தில் "படிக்கிறேன், 9க்குப் பிறகு" என்று எழுதி, நாலு மணித்தியாலத்தில் அழியும்படி விடுங்கள். சேரும் பார்ப்பார், மச்சானும் பார்ப்பார், ஒருவருக்கும் பொய் சொல்லவில்லை.

ஏஎல் பலி: சேர் பார்த்தால் 9க்குப் பிறகு ஏன் என்று கேட்பார்.

உங்களுக்கு நான் உதவ முடியாது.

வல்வை அலை: ஸ்பொட்டிபையில் என்ன பாட்டுக் கேட்கிறேன் என்று எல்லாருக்கும் தெரியுது. வெட்கமாக இருக்கு.

கனெக்‌ஷன்ஸில் ஸ்பொட்டிபையைத் தட்டி, ஸ்டேட்டஸாகக் காட்டுவதை அணையுங்கள். பாட்டை மாற்றத் தேவையில்லை.

அரியாலை ஆமை: எனக்குப் பிங் 200 போகுது, ஸ்டேட்டஸை நிறுத்தினால் குறையுமா?

குறையாது. பிங் என்பது இணைப்பின் தாமதம், அது என் பாடமில்லை, இணைப்புத் தந்தவர்களைக் கேளுங்கள்.

புதுசு: என்ர பொட்டுக்கு ஸ்டேட்டஸ் போடுவது எப்படி? பொட்டுக்கும் டோக்கன் கேட்குதே?

பொட்டுக்கு, அதாவது நிரலே ஓட்டும் கணக்குக்கு, அதன் சொந்த டோக்கன், டெவலப்பர் தளத்தில் எடுப்பது, அது முறையானதுதான். உங்கள் கணக்கின் டோக்கன் வேறு. ஆனால் பொட்டின் டோக்கனையும் திரையைப் படம் பிடித்து இங்கே போடாதீர்கள். இப்போதுதான் ஒன்றை அழித்தேன். யார் என்று சொல்லவில்லை, புதுசு, போய் அதை மாற்றுங்கள்.

இன்னொரு சுன்னாகம்: அண்ணா போனில்

இல்லை.

பெயர் வேண்டாம்: தம்பி, இன்னும் ஒன்று. இப்போது அவன் பெயருக்குக் கீழே "சோதனை முடியும்வரை வரமாட்டேன்" என்று எழுதியிருக்கிறது. எப்போது எழுதினான் என்று பார்க்க வழி இருக்கிறதா?

கஸ்டம் ஸ்டேட்டஸில் எழுதிய தேதி தெரியாது அக்கா. அழிக்க வேண்டாம் என்று விட்டிருந்தால் அது அப்படியே கிடக்கும், ஓஎல் (சாதாரணதரச்) சோதனைக்கு எழுதியதாகவும் இருக்கலாம்.