வாசகர் கேள்வி – நம் பதில்: மிடில் பெர்த் தகராறு

கே: டிசம்பர் பள்ளி விடுமுறைக்குச் சென்னையிலிருந்து மதுரைக்கு இரவு ரயில். எங்கள் நால்வருக்கும் பெர்த் எண் 17 முதல் 20 வரை. போன தடவை என் மகன் எட்டு மணிக்கே மிடில் பெர்த்தை மாட்டிப் படுத்துவிட்டான். கீழே பாட்டியும் பக்கத்தில் ஒரு புதுத் தம்பதியும் கழுத்தை மடக்கிக்கொண்டே இட்லி சாப்பிட்டார்கள். யார் பக்கம் நியாயம்?
– வாசகி, ஈசூன்

ப: பாட்டி பக்கம்தான். மிடில் பெர்த்தை விரிக்க ரயில்வே அனுமதிப்பது இரவு 10 முதல் காலை 6 வரை. மற்ற நேரத்தில் அது கீழே இருப்பவர்களுக்குச் சாய்மானம்.

ஸ்லீப்பர் (ஏசி இல்லாத படுக்கை வகுப்பு), 3ஏசி (மூன்றடுக்கு ஏசி வகுப்பு) இரண்டிலும் பெர்த் எண்ணை 8-ஆல் வகுங்கள். மீதி 1, 4 வந்தால் லோயர். 2, 5 மிடில். 3, 6 அப்பர். 7 சைடு லோயர். மீதி வராவிட்டால் சைடு அப்பர். ஆக உங்களுக்கு 17, 20 லோயர், 18 மிடில், 19 அப்பர். மகனுக்கு ஏறி இறங்கத் தெரியும் என்றால் 19-ஐக் கொடுங்கள். எட்டு மணிக்கே தூங்கட்டும், யாருக்கும் இடைஞ்சல் இல்லை.

18-ஐ விரிக்கும்போது கீழே உள்ளவர்களை எழுந்து நிற்கச் சொல்லுங்கள். இரண்டு பக்கச் சங்கிலியும் கொக்கியில் சரியாக விழுந்ததா என்று கையால் அழுத்திப் பார்த்த பிறகே ஏறவேண்டும். ஒரு பக்கம் மட்டும் மாட்டியிருந்தால் ஆள் ஏறியதும் பலகை சரியும். காலையில் இறக்குமுன் மெத்தையைத் துழாவிப் பாருங்கள். மூக்குக் கண்ணாடி, கைபேசி, பல்செட்டு எதுவானாலும் பலகைக்குப் பின்னால் நழுவிவிடும். அப்புறம் சாய்ந்திருக்கும் அத்தனை பேரையும் எழுப்பித்தான் எடுக்கவேண்டும்.

கே: விமானத்தில் போட்ட 28 அங்குலப் பெட்டி ஸ்லீப்பரில் சீட்டுக்கு அடியில் போகுமா?
– வாசகர், செங்காங்

ப: நம்பாதீர்கள். பாதியில் சிக்கி வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். ராத்திரி கழிவறைக்கு எழுந்திருப்பவர் எல்லாரும் முழங்காலை இடித்துக்கொள்வார்கள். ஸ்லீப்பரில் ஒருவர் 40 கிலோ இலவசமாகக் கொண்டுபோகலாம், ஆகவே எடை சிக்கலில்லை. தடிமன்தான் சிக்கல்: அனுமதி 25 செ.மீ. உயரம் வரைதான், 28 அங்குலப் பெட்டி படுக்கவைத்தாலும் பெரும்பாலும் அதைத் தாண்டும். சாமானை இரண்டு துணிப்பைகளாகப் பிரித்துக் கட்டுங்கள்.

கே: டிக்கெட்டில் 15-12, நேரம் 00.10. எப்போது ஸ்டேஷனில் இருக்கவேண்டும்?
– வாசகி, தெம்பனிஸ்

ப: 14-ஆம் தேதி இரவு 11 மணிக்கு. 15 ராத்திரி போய் ஏறினால் உங்கள் பெர்த்தில் வேறொரு குடும்பம் தூங்கிக்கொண்டிருக்கும். அவர்கள் டிக்கெட்டும் சரியாகவே இருக்கும்.