முதல் கூட்டணிப் போர் முடிந்தது 1795இலா, 1797இலா?

கேள்வி: என் மகள் போட்டித் தேர்வுக்குப் படிக்கிறாள், விருப்பப் பாடம் வரலாறு. பிரெஞ்சுக் குடியரசை எதிர்த்து முடியரசுகள் நடத்திய முதல் கூட்டணிப் போர் 1795 பாசல் உடன்படிக்கையோடு முடிந்தது என்கிறது ஒரு கோச்சிங் சென்டர் நோட்ஸ். இன்னொன்று 1797 காம்போ ஃபோர்மியோ என்கிறது. எதை எழுதச் சொல்வது?

பதில்: 1797 என்றே எழுதச் சொல்லுங்கள் அம்மா. ஆனால் 1795ஐ அடித்துவிட வேண்டாம். யாரோடு முடிந்தது என்பதை அந்த நோட்ஸ் விழுங்கிவிட்டது, குழப்பம் அங்கேதான்.

கூட்டணி நாடுகள் ஒரே மேசையில் உட்கார்ந்து சமாதானம் பேசவில்லை, ஒவ்வொன்றாகக் கழன்றுகொண்டன. ஜெர்மானிய முடியரசான பிரஷ்யாவுக்கு, அண்டை வல்லரசுகள் போலந்தைக் கூறுபோட்டதில் கிடைக்கும் பங்கின் மேல் கண்; ரஷ்யாவும் ஆஸ்திரியாவும் தன்னை விட்டுவிட்டு அதைப் பேசி முடித்துவிடுமோ என்ற பயம் வேறு. 1795 ஏப்ரல் 5 அன்று சுவிட்சர்லாந்தின் பாசலில் கையெழுத்துப் போட்டு ஒதுங்கியது. ஜூலையில் அதே ஊரில் ஸ்பெயின். ஆஸ்திரியா மட்டும் விடவில்லை. 1796இல் நெப்போலியன் இத்தாலிக்குள் புகுந்து அடித்த அடியில்தான் இறங்கி வந்தது. 1797 ஏப்ரலில் ஆஸ்திரியாவின் லியோபெனில் முன்னோட்ட ஒப்பந்தம், அக்டோபர் 17இல் காம்போ ஃபோர்மியோ உடன்படிக்கை. பிரான்சுக்குப் பெல்ஜியம் போனது, ஆஸ்திரியாவுக்கு வெனிஸ் கிடைத்தது. பிரிட்டன் எதிலும் கையெழுத்திடாமல் போரைத் தொடர்ந்தது.

போர் எப்போது முடிந்தது என்று நாலு விடை கொடுத்து ஒன்றைத் தொடச் சொல்கிற கேள்வித்தாள்தான் முதல் குற்றவாளி என்பேன். யாரோடு என்று ஒரு சொல் சேர்த்துக் கேட்டால் என்ன குறைந்துவிடும்? அந்த ஓட்டையில் பிழைப்பவர்கள்தான் நோட்ஸ் வியாபாரிகள். மூன்று சென்டர்களின் நோட்ஸைப் பக்கத்தில் வைத்துப் பார்த்திருக்கிறேன், மூன்றிலும் அதே தப்பு, அதே எழுத்துப் பிழையோடு. ‘இதிலிருந்துதான் கேள்வி வரும்’ என்று உத்தரவாதம் தருகிறவரிடம் தயவுசெய்து பணம் கட்டாதீர்கள்.

அவர்கள் பரப்பும் பெரிய தப்பு, 1791 ஆகஸ்ட் பில்னிட்ஸ் பிரகடனத்திலேயே கூட்டணி பிறந்துவிட்டது என்பது. ஆஸ்திரியாவின் லியோபோல்டும் பிரஷ்ய மன்னரும் சொன்னது வேறு: மற்ற மன்னர்களும் சேர்ந்தால், ‘அப்போது, அந்த நிலையில்’ இறங்குவோம். பிரிட்டன் சேராது என்று தெரிந்தே வைத்த நிபந்தனை அது. மிரட்டல்தான், போர் அறிவிப்பு இல்லை.

போரை அறிவித்தது பிரான்ஸ், 1792 ஏப்ரல் 20 அன்று. இங்கே ஒரு நுணுக்கம் இருக்கிறது, மகளை உட்காரவைத்துச் சொல்லிக்கொடுங்கள். அன்று பிரான்சில் குடியரசே கிடையாது. பதினாறாம் லூயி அரசரே சபைக்கு வந்து போரை முன்மொழிந்தார். எதிராளியாக எழுதப்பட்டதும் ஜெர்மானிய நாடுகளின் கூட்டான புனித ரோமப் பேரரசின் ‘பேரரசர்’ அல்ல, ‘ஹங்கேரி, பொஹிமியா மன்னர்’. லியோபோல்ட் மார்ச்சில் இறந்திருந்தார், மகன் பிரான்சிஸ் இன்னும் பேரரசராகத் தேர்வாகவில்லை, ஜூலையில்தான் ஆனார். ஆகவே புனித ரோமப் பேரரசு முழுவதும் அன்றே எதிரியாகிவிடவில்லை, அது போரில் சேர்ந்தது 1793 மார்ச்சில். பிரிட்டன், ஹாலந்து மீது பிரான்ஸ் போர் அறிவித்தது 1793 பிப்ரவரி 1. கூட்டணி முழு உருவம் எடுத்த வருடம் 1793தான், 1792 என்று எழுதினால் அது ஆஸ்திரியா, பிரஷ்யாவோடு தொடங்கிய போரைக் குறிக்கும்.

மகளை ஒரு தாளில் மூன்று பத்தி போடச் சொல்லுங்கள்: நாடு, சேர்ந்த தேதி, விலகிய தேதி. ஹாலந்துக்கு மட்டும் கொஞ்சம் இடம் விடட்டும். 1795 ஜனவரியில் ஆறுகள் உறைந்து கிடந்தபோது பிரெஞ்சுப் படை பனிக்கட்டி மேலேயே நடந்து உள்ளே போனது, ஹாலந்தை ஆண்ட இளவரசர் இங்கிலாந்துக்கு ஓடினார், அங்கே அமைந்த புதிய படேவியக் குடியரசு மே மாதம் பிரான்சுக்கு 10 கோடி கில்டர் (டச்சு நாணயம்) தண்டம் கட்ட ஒப்புக்கொண்டது. அந்த ஆகஸ்டில் ஆங்கிலேயர் டச்சுக்காரர்களிடமிருந்து திருகோணமலையைப் பிடித்தது இதன் தொடர்ச்சிதான், அதையும் பக்கத்தில் குறித்துக்கொள்ளட்டும்.