வாசகர் கேட்டவை: அரியணை இல்லாதவர் அளிக்கும் பட்டம்

கேள்வி: பாறசாலையில் வசிக்கும் என் மைத்துனருக்கு, ஆட்சியை இழந்த ஓர் ஐரோப்பிய அரச குடும்பத்தின் பெயரில் கடிதம் வந்திருக்கிறது. தங்கள் குலத்தின் பழைய 'ஆர்டர்' (பட்டம் பெற்றோரின் அமைப்பு) ஒன்றில் அவரை நைட்டாக, அதாவது வீரப் பட்டம் பெற்றவராகச் சேர்க்க இருப்பதாகவும், அதற்குக் கட்டணம் அனுப்ப வேண்டும் என்றும் எழுதியிருக்கிறார்கள். மகளின் திருமண அழைப்பிதழில் தம் பெயருக்கு முன்னால் 'சர்' என்று அச்சிட விரும்புகிறார். இது செல்லுமா?
– ஓய்வுபெற்ற ஆசிரியர், தக்கலை

பதில்: அழைப்பிதழ் இன்னும் அச்சுக்குப் போகவில்லை என்றால் முதலில் அதை நிறுத்தச் சொல்லுங்கள். இந்தியாவில் நாம் அறிந்த 'சர்', பிரிட்டிஷ் முடியாட்சி வழங்கிய நைட் பட்டத்தோடு வருவது. திருவிதாங்கூர் திவான் சி. பி. ராமசாமி ஐயர் 'சர்' ஆனதும் அந்த வழியில்தான். அவர் பணியாற்றிய மகாராஜாவால்கூட அதைக் கொடுத்திருக்க முடியாது.

ஆனால் அந்த விருதே போலி என்று எடுத்த எடுப்பில் தள்ளிவிடவும் முடியாது. அரசு கொடுக்கும் விருது வேறு, அரச குலம் கொடுக்கும் விருது வேறு. நடிகர் சிவாஜி கணேசன் பெற்ற செவாலியே பிரெஞ்சுக் குடியரசு கொடுத்தது. குல விருதோ, ஒரு வம்சத்தின் தலைவர் தம் முன்னோரிடமிருந்து வழிவழியாகப் பெற்ற தனி உரிமை என்றும், அரியணை போனாலும் அது கைவிட்டுப் போகாது என்றும் அக்குடும்பங்கள் வாதிடுகின்றன.

இத்தாலியை ஆண்ட சவோய் குலத்தைப் பாருங்கள். அவர்களுடைய புனித மொரீசியஸ், லாசரஸ் ஆர்டர் 1572-இல் இரண்டு பழைய அமைப்புகளை இணைத்து உருவானது. அதன் பதக்கத்தில் பச்சைச் சிலுவையின் மேல் வெள்ளை எனாமல் சிலுவை பதிந்திருக்கும், வெள்ளைச் சிலுவையின் முனைகள் மூவிலை போல விரியும், நாடாவும் பச்சையே. 1946-இல் நடந்த பொதுவாக்கெடுப்பில் முடியாட்சி ஒழிந்தது. 1951-இல் வந்த சட்டம் குடியரசுக்கென்று புதிய விருதை ஏற்படுத்தி, இந்த ஆர்டரை நைட் பட்டமாக வழங்குவதை நிறுத்தி, மருத்துவமனை நடத்தும் அமைப்பாக மட்டும் அதை விட்டுவைத்தது. குடும்பம் அதை ஏற்கவில்லை. தன் கணக்கில் வழங்கிக்கொண்டே இருக்கிறது. போதாததற்கு, 2006 முதல் குலத்தின் தலைமைக்கே இரண்டு கிளைகள் உரிமை கொண்டாடின. தென் இத்தாலியில் இருந்த இரு சிசிலி நாட்டை ஆண்ட பூர்பன் குலமும் 1960-இல் இவ்வாறே பிரிந்தது. ஒரே கோயிலுக்கு இரண்டு தந்திரிகள் என்பது போல, அவர்களுடைய கான்ஸ்டண்டைன் ஆர்டரை இரு கிளைகளுமே வழங்குகின்றன.

ஆகவே உங்கள் மைத்துனர் பார்க்க வேண்டியவை சிலவே. அந்தக் குலம் உண்மையில் ஆண்டதா, அந்த ஆர்டர் ஆண்ட காலத்திலேயே இருந்ததா, கையெழுத்திடுபவரைக் குலத்தின் தலைவராகப் பிறர் ஏற்கிறார்களா? கட்டணம் கேட்பதை மட்டும் வைத்துப் போலி என்று சொல்ல மாட்டேன்; பழைய ஆர்டர்களும் அறப்பணிக்கென்று சேர்க்கைத் தொகை வாங்குவதுண்டு. முன்பின் அறியாதவருக்குக் கேளாமலே பட்டம் வருவதுதான் எனக்கு உறுத்துகிறது. ஒருவர் என்னிடம் காட்டிய சான்றிதழில், அந்த ஆர்டர் பதினோராம் நூற்றாண்டில் தோன்றியது என்று பொன்னெழுத்தில் இருந்தது. முகவரி இருக்க வேண்டிய இடத்தில் தபால் பெட்டி எண் மட்டுமே இருந்தது.

நம் சட்டத்துக்கு வருவோம். அரசியல் சாசனத்தின் 18-ஆவது பிரிவு, இந்தியக் குடிமகன் அயல்நாட்டு அரசிடமிருந்து பட்டம் பெறுவதைத் தடுக்கிறது. ஆட்சியிழந்த குடும்பம் எந்த நாட்டின் அரசும் அல்ல என்பதால், அச்சொற்களை அப்படியே படித்தால் இந்தத் தடை அதன்மேல் பாயாது என்று நினைக்கிறேன். ஆனால் அதே காரணத்தால் அந்தப் பட்டத்துக்குப் பின்னால் எந்த அரசும் இல்லை. பத்ம விருதுகளையும் பாரத ரத்னாவையுமே பெயரோடு சேர்த்து எழுதக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1995-இல் சொல்லிவிட்டது. பதக்கத்தைக் கண்ணாடிப் பேழையில் வைத்துக்கொள்ளட்டும்.

கேள்வி: வேலுத்தம்பி தளவாய் எங்கள் ஊர்க்காரர். அவருடைய 'செம்பகராமன்' பட்டத்தைத் திருவிதாங்கூர் குடும்பம் இன்று ஒருவருக்கு வழங்க முடியுமா?
– கல்லூரி மாணவி, தலக்குளம்

பதில்: செம்பகராமன், மன்னர் தம் அதிகாரிகளுக்கும் பிரபுக்களுக்கும் கொடுத்த பட்டம், கலைஞர்களுக்கும் புலவர்களுக்கும் வீரசிருங்கலை என்னும் பொற்காப்பு தனியாக இருந்தது. மலையாளக் கவிஞர் உள்ளூர் எஸ். பரமேசுவர ஐயர் அதைப் பெற்றவர். 1949-இல் திருவிதாங்கூரும் கொச்சியும் இணைந்தன. 1971-இல் வந்த 26-ஆவது திருத்தம் முன்னாள் மன்னர்களுக்கு இருந்த அங்கீகாரத்தையும் மானியத்தையும் நீக்கியது. எனவே குடும்பம் இன்று ஒருவருக்குப் பட்டம் கொடுத்தாலும் காப்பு அணிவித்தாலும் அது குடும்பத்தின் அன்பளிப்பே.

எனினும் பத்மநாபசுவாமி கோயில் வழக்கை இதனோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம். கடைசி மன்னர் சித்திரைத் திருநாள் 1991-இல் மறைந்த பிறகும் கோயிலின் பராமரிப்புரிமை அக்குடும்பத்திடம் தொடர்கிறது என்று 2020 ஜூலையில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆட்சி முடிந்தாலும் வழக்கத்தால் வந்த உரிமை குடும்பத்தில் நிலைக்கலாம் என்பதே சவோய் குலத்தாரின் வாதமும். ஒரு வேற்றுமை உண்டு: இங்கே அதை நீதிமன்றம் ஏற்றது, இத்தாலியில் சட்டமே மறுத்தது.

கேள்வி: இத்தகைய நைட் பட்டம் சூட்டும் சடங்கைத் தேவாலயத்தில் நடத்தலாமா?
– மீனவர் சங்க உறுப்பினர், குளச்சல்

பதில்: கத்தோலிக்க ஆலயம் என்றால் வேண்டாம். திருத்தந்தையின் சொந்த விருதுகள், மால்டா ஆர்டர், திருக்கல்லறை ஆர்டர் ஆகியவற்றைத் தவிர மற்றவற்றை அங்கீகரிப்பதில்லை என்றும், அவற்றின் சடங்குகளுக்கு ஆலயங்களைப் பயன்படுத்துவது பொருத்தமன்று என்றும் வத்திக்கான் 2012 அக்டோபரில் அறிவித்திருக்கிறது. பங்குத்தந்தையிடம் அனுமதி கேட்கும்போது இந்த அறிவிப்பையும் சொல்லிவிடுங்கள்.