டிக்கன்ஸ் பெயர் போட்ட பழைய வார இதழ்: உள்ளே எழுதியவர்கள் யார்?

கேள்வி: பழைய புத்தகக் கடையில் 'ஹவுஸ்ஹோல்ட் வேர்ட்ஸ்' என்ற ஆங்கில வார இதழின் பைண்டு வால்யூம் ஒன்றை வாங்கினேன். 1854 என்று போட்டிருக்கிறது. பக்கங்களின் தலைப்பில் சார்ல்ஸ் டிக்கன்ஸ் பெயர். கதை, கட்டுரை எதிலும் எழுதியவர் பெயர் இல்லை. எல்லாம் அவர் எழுதியவையா? நல்ல விலை போகுமா?

பதில்: எல்லாம் அவருடையவை அல்ல. பக்கத்தின் தலைப்பில் இருப்பது, இதழை நடத்துபவர் என்ற முறையில் போட்ட பெயர். மற்றவர்களின் எழுத்து பெயரில்லாமல் வருவதுதான் அங்கே வழக்கம்.

எழுதியவர்களைக் கண்டுபிடிக்க வழி உண்டு. துணையாசிரியர் வில்ஸ், எந்தப் படைப்பு யாருடையது, எவ்வளவு பணம் கொடுத்தோம் என்று கணக்குப் புத்தகம் எழுதி வந்தார். அது இன்றும் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் இருக்கிறது. அதை வைத்து ஆன் லோர்லி தொகுத்த பட்டியல் 1973-இல் புத்தகமாக வந்தது. அதைத் தேடி அலைய வேண்டாம். 'டிக்கன்ஸ் ஜர்னல்ஸ் ஆன்லைன்' தளத்தில் இதழின் எல்லாப் பக்கங்களும் எழுதியவர் பெயரோடு இலவசமாகக் கிடைக்கின்றன. இதழ்த் தேதியைக் கொடுத்துத் தேடுங்கள்.

தேதியை நான் வற்புறுத்தக் காரணம் இருக்கிறது. ஏப்ரல் முதல் ஆகஸ்ட் வரையான இதழ்கள் உங்கள் வால்யூமில் இருந்தால், டிக்கன்ஸின் 'ஹார்ட் டைம்ஸ்' நாவல் தொடராக வந்த வடிவம் உங்கள் கையில் இருக்கிறது. புத்தகத்தில் காணும் அத்தியாயத் தலைப்புகளும் மூன்று பாகப் பிரிவும் இதில் இருக்காது. செப்டம்பரில் தொடங்கும் தொடர்கதை இருந்தால் அது எலிசபெத் காஸ்கெல்லின் 'நார்த் அண்ட் சவுத்'. இதைத்தான் நான் பெரிய பொக்கிஷமாக நினைக்கிறேன். ஒவ்வொரு வாரமும் இத்தனை பக்கம்தான் என்று டிக்கன்ஸ் நெருக்க, முடிவை அவசரமாகச் சுருக்க வேண்டியதாயிற்றே என்று காஸ்கெல் மிகவும் வருந்தினார். 1855-இல் சாப்மன் அண்ட் ஹால் புத்தகமாக வெளியிட்டபோது கடைசிப் பகுதியை விரித்து, புது அத்தியாயங்களும் சேர்த்தார். தொடர் 1855 ஜனவரி வரை ஓடியது. உங்கள் வால்யூமில் முடிவும் இருக்கிறதா என்று பாருங்கள்.

விலையைப் பொறுத்தவரை பெரிதாக எதிர்பார்க்காதீர்கள். இரண்டு பென்னி இதழ் இது, பல்லாயிரக்கணக்கில் விற்றது. அரையாண்டு வால்யூம்களாகவும் பதிப்பாளரே விற்றார். தனி வால்யூம் அபூர்வமில்லை. மாதத் தொகுப்புகளுக்கு மேலட்டையும் விளம்பரத் தாள்களும் உண்டு. பைண்டு செய்யும்போது பெரும்பாலும் அவற்றை எடுத்துவிடுவார்கள். உங்களுடையதில் அவை தப்பியிருந்தால் மட்டும் விவரமறிந்த ஒருவரிடம் காட்டுங்கள். எப்படியிருந்தாலும் புதிதாக பைண்டு போடக் கொடுத்து ஓரத்தை வெட்டிவிடாதீர்கள்.

அடுத்த வால்யூம்களைத் தேடுவதாக இருந்தால் ஒன்று தெரிந்திருக்க வேண்டும். பதிப்பாளர்கள் பிராட்பரி அண்ட் எவான்ஸுக்கு இதழில் கால் பங்கு உண்டு. 1858-இல் மனைவியைப் பிரிந்தபோது டிக்கன்ஸ் விளக்க அறிக்கை ஒன்றை வெளியிட்டார். இவர்கள் நடத்திய 'பஞ்ச்' இதழில் அது வரவில்லை. அந்தக் கோபத்தில் உறவை முறித்துக்கொண்டு, 1859 ஏப்ரலில் 'ஆல் தி இயர் ரவுண்ட்' என்ற சொந்த இதழைத் தொடங்கினார். பழைய இதழ் மே மாதத்தோடு நின்றது. 'ஹவுஸ்ஹோல்ட் வேர்ட்ஸ்' என்ற அதே பெயரில் 1881-இல் தொடங்கிய இதழ் அவர் மகன் நடத்தியது. விற்பவர் இரண்டையும் ஒன்றாக்கிச் சொன்னால் ஆண்டைப் பார்த்துவிட்டுப் பணம் கொடுங்கள்.