குரல் சேர்க்கலாமா?

அன்புள்ள சார்,
ஒரு கொக்கை மட்டும் வைத்து எட்டு நிமிடக் குறும்படம் எடுத்திருக்கிறேன். இசை, பின்னணிக் குரல் எதுவும் இல்லை. பார்த்த நண்பர்கள் ‘ஒன்றும் புரியவில்லை, குரல் சேர்’ என்கிறார்கள். சேர்க்கலாமா? நல்ல கேமரா வாங்கி மறுபடி எடுக்கட்டுமா? எந்த விழாக்களுக்கு அனுப்பலாம்? இணைப்பு கீழே.
ம.

அன்புள்ள ம.,

இந்தக் கேமராவே போதும். விழாவை அப்புறம் பார்க்கலாம். குரல் என்றீர்களே, ஒரு வாரமாக எனக்கும் அதே யோசனைதான்.

பல வருடங்களுக்கு முன் ஒரு காட்டுயிர்ப் படத்துக்குப் பின்னணி உரை எழுதிக் கொடுத்தேன். கூட்டின் விளிம்பில் நின்று ஒரு நாரை கழுத்தைத் திருப்பிப் பார்க்கும். ‘துணை இன்னும் திரும்பவில்லை, அவள் காத்திருக்கிறாள்’ என்று எழுதினேன். எல்லோருக்கும் பிடித்துப்போனது. படம் முடிந்தபிறகுதான் ஒளிப்பதிவாளர் சொன்னார், துணை அப்போது அதே கூட்டில், ஃபிரேமுக்கு வெளியே ஒரு முழ தூரத்தில் உட்கார்ந்திருந்ததாம். பொய் சொல்லிவிட்டோமே என்ற வெட்கம் இன்னும் போகவில்லை. அதைவிட உறுத்துவது வேறு. அந்த ஷாட்டில் கழுத்து இறகுகள் காற்றில் பிரிந்து பிரிந்து சேரும், கண்ணின் மேல் மெல்லிய உள்ளிமை ஒன்று குறுக்கே ஓடி மறையும். என் வரியைக் கேட்டுக்கொண்டிருந்தவர்கள் அதையெல்லாம் எங்கே பார்த்திருப்பார்கள்?

சத்தம் சேர்ப்பதையே தப்பு என்று சொல்லமாட்டேன். தூரத்திலிருந்து பெரிய லென்ஸில் எடுத்தால் உருவம் கிட்டே வரும், சத்தம் வராது. நாம் கேட்கும் காலடியும் சிறகடிப்பும் பல படங்களில் ஸ்டுடியோவில் செய்து சேர்த்தவைதான். ஆனால் மிருகத்தின் மனசுக்குள் புகுந்து பேசுகிற குரல் வேண்டவே வேண்டாம். அமெரிக்கப் பரிசோதனைப் பட இயக்குநர் ஸ்டான் ப்ராக்கேஜ் 1963ல் ‘மாத்லைட்’ என்ற குறும்படத்தைச் செய்தபோது கேமராவையே தொடவில்லை. செத்த அந்துப்பூச்சிகளின் சிறகுகளையும் இலை, புல் துணுக்குகளையும் ஒளி ஊடுருவும் டேப்பில் ஒட்டி அதையே ஃபிலிமாக்கினார். சில நிமிடங்கள்தான், சத்தமே கிடையாது. சிறகின் நரம்புகள் திரை முழுக்க விரிந்து சட்டென்று போய்விடும். அதன்மேல் ஒருவர் ‘பாவம், வெளிச்சத்தைத் தேடி வந்தது’ என்று பேசுவதை நினைத்துப் பாருங்கள்.

சரி, உங்கள்மேல் எனக்குக் கோபமும் உண்டு. 3ஆவது நிமிடத்தில் கொக்கு அசையாமல் நிற்கிறது, நீங்கள் பயந்துபோய் வெட்டிவிட்டீர்கள். அடுத்த ஷாட்டில் அலகில் மீன். நடுவில் எவ்வளவு நேரம் நின்றது? அப்படி நிற்பதுதானே ஐயா அதன் வேலை! அதைப் பிடுங்கிவிட்டு, புரியவில்லை என்று சொல்கிற நண்பர்களைக் குறை சொல்லி என்ன பயன்?

வெட்டியதை அழித்திருக்க மாட்டீர்கள் என்று நம்புகிறேன். அப்படியே திரும்பச் சேர்த்து, அதே நண்பர்களை உட்காரவைத்துக் காட்டுங்கள். எனக்கும் அந்த ஷாட்டை முழுசாக அனுப்புங்கள்.