ஜெர்மனியில் பசுந்தீவன மக்காச்சோள உற்பத்தி 2018-இல் ஏன் அப்படிச் சரிந்தது? விவசாயிகள் கைவிட்டுவிட்டார்களா?

ஏதோ வரைபடத்தைப் பார்த்துவிட்டுத்தான் கேட்கிறீர்கள் என்று நினைக்கிறேன். 2017-இல் கிட்டத்தட்ட 10 கோடி டன், மறு வருஷம் 8 கோடிக்கும் கீழே. பார்த்தால் அப்படித்தான் தோன்றும். ஆனால் யாரும் கைவிடவில்லை, அந்தக் கோடையில் மழைதான் பொய்த்தது. அந்த வருஷம் பரப்பு கூடியிருந்தது: சுமார் 21 லட்சம் ஹெக்டேரிலிருந்து 22 லட்சத்தை ஒட்டி வந்தது.

நான் வேளாண்மை படித்தவன் இல்லை, முதலிலேயே சொல்லிவிடுகிறேன். மேற்படிப்புக்குப் போன இடத்தில், வடமேற்கு ஜெர்மனியின் லோயர் சாக்சனி மாநிலத்தில், மக்காச்சோளத்தைப் புளிக்க வைத்து வாயு எடுத்து மின்சாரம் தயாரிக்கும் ஒரு பயோகேஸ் ஆலையின் எடைமேடையில் பகுதிநேர வேலை பார்த்தேன். செப்டம்பரில் வந்தால் போதும் என்றவர்கள் அந்த 2018-இல் ஆகஸ்டிலேயே கூப்பிட்டுவிட்டார்கள். வெட்டாமல் விட்டால் நின்றபடியே காய்ந்துவிடும் நிலைமை. இலையெல்லாம் வெங்காயத்தாள் மாதிரி சுருண்டிருந்தது. பெட்டி ததும்ப ஏற்றி வருவார்கள், எடை மட்டும் ஏறாது. வயசான பண்ணைக்காரர் ஒருவர் டிராக்டரிலிருந்து இறங்கி வந்து, ஒரு கதிரை என் மேஜையில் வைத்துத் தோலை உரித்தார். கட்டைவிரல் அளவு. அதில் பத்துப் பன்னிரண்டு சோள மணிகள் இருந்திருக்கும். ஒன்றை நகத்தால் கீறினார், பாலே இல்லை. “இதையும் எழுதிக்கோ” என்றார். எழுத அதற்குக் கட்டம் இல்லை, டன் மட்டும்தான் எழுதினேன்.

ஹெக்டேருக்கு 47 டன் வந்த நாட்டில் அந்த வருஷம் சராசரி 35 டன்தான். பரப்பு கூடியதற்குக் காரணமும் மழைதான், முந்தைய வருஷத்து மழை. 2017 இலையுதிர்காலத்தில் வடக்கே வயலில் கால் வைக்க முடியவில்லை. குளிர்காலத் தானியம் விதைக்காமல் விட்ட நிலத்தில் வசந்தத்தில் மக்காச்சோளம் போட்டார்கள். போதாததற்கு, மணிக்காக வளர்த்ததையும் தீவனப் பஞ்சத்தில் பச்சையாகவே வெட்டினார்கள். அதனால் டன்னை மட்டும் பார்க்காதீர்கள். பரப்பைத் தனியாக, விளைச்சலைத் தனியாக எடுங்கள்.

நீண்ட காலப் போக்கு வேறு கதை. 2000-இல் 11, 12 லட்சம் ஹெக்டேர்தான் இருந்தது. அந்த வருஷம் புதுப்பிக்கத்தக்க மின்சாரச் சட்டம் வந்தது, 2004 திருத்தத்தில் பயிரிலிருந்து எடுக்கும் வாயுவில் தயாரித்த மின்சாரத்துக்குக் கூடுதல் விலை. 2012-க்குள் 20 லட்சத்தைத் தாண்டிவிட்டது. ஊரே மக்காச்சோளமாகிவிட்டது என்று எதிர்ப்பு கிளம்பியதும், புது ஆலைகளில் போடும் மூலப்பொருளின் எடையில் மக்காச்சோளமும் தானிய மணியும் 60 சதவீதத்துக்கு மேல் கூடாது என்று அதே வருஷம் கட்டுப்பாடு வந்தது. பிறகு இன்னும் இறுக்கினார்கள். ஏற்றத்தின் வேகம் அத்தோடு குறைந்தது. நான் பயோகேஸுக்கு எதிரி என்று யாரும் கிளம்பிவிடாதீர்கள், அதில்தான் எனக்குச் சம்பளம் வந்தது. மாட்டுக்கும் இதே தீவனம்தான் போகிறது, அதையும் மறக்கவில்லை.

கேள்விக்குச் சம்பந்தமில்லைதான், இருந்தாலும் சொல்லாமல் போக மனசில்லை. வெட்டிய பயிரைக் குவித்து, மிதித்து, கறுப்புத் தார்பாய் போட்டு, மேலே பழைய டயர்களை அடுக்கிப் புளிக்க வைப்பார்கள். அந்த வாடை சட்டையில் ஏறினால் இறங்காது. அறையைக் காலி செய்தபோது “நாற்றம் சுவரில் இறங்கிவிட்டது” என்று வீட்டுக்காரர் முன்பணத்தில் 300 யூரோ பிடித்துக்கொண்டார். சுவரை மோந்து பார்த்தேன். அவர் வீட்டு முட்டைக்கோஸ் வாடைதான் அடித்தது.